புள்ளியியல் மென்பொருள்: புதுப்பித்தலும் திருட்டுப் பிரதியும்

மைசூர் நகரின் வடமேற்குப் புறத்தில் ஹெப்பாள் அமைந்துள்ளது. ஏரியின் பெயரால் பழையவர்கள் அறிந்த இந்த ஊர், இன்று தொழிற்பேட்டையாகவும் மின்னணு நகராகவும் அறியப்படுகிறது. இன்போசிஸ் நிறுவனத்தின் பயிற்சி வளாகம் இங்குதான் உள்ளது. ஒரே சமயத்தில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட இளம் பொறியாளர்கள் தங்கிப் பயிலத்தக்க வசதிகள் அங்கு அமைக்கப்பட்டுள்ளன. அதிலிருந்து சில கிலோமீட்டர் தொலைவிற்குள் 1916ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்ற மைசூர்ப் பல்கலைக்கழகமும், 1950இல் நிறுவப்பட்ட மத்திய உணவுத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையமும், 1969இல் தோன்றிய இந்திய மொழிகளின் நடுவண் நிறுவனமும் இருக்கின்றன. மென்பொருளை எழுதக் கற்பிக்கும் இடமும், மென்பொருளைக் கருவியாகக் கொண்டு ஆராயும் இடங்களும் ஒரே நகரில் இவ்வாறு அடுத்தடுத்து அமைந்திருப்பது ஒரு கேள்வியை எழுப்புகிறது. எழுதுகின்றவர் தாம் எழுதியதன் ஒவ்வொரு திருத்தத்துக்கும் எண் இட்டுக் கணக்கு வைத்துக்கொள்கிறார். அதைப் பயன்படுத்துகின்ற ஆய்வாளர், தம் கையிலுள்ள பிரதி எது, அது எங்கிருந்து வந்தது, அதில் எந்தத் திருத்தம் வரை சேர்ந்துள்ளது என்பதை அறிந்திருக்கிறாரா?

இக்கேள்வி மைசூருக்கு மட்டும் உரியதன்று. சென்னை, மதுரை, கோவை, திருச்சி என எந்தப் பல்கலைக்கழக நகரிலும் இதைக் கேட்கலாம். ஆய்வேடுகளில் "இவ்வாய்வுக்கு எஸ்.பி.எஸ்.எஸ். பயன்படுத்தப்பட்டது" என்ற ஒரு வரி தவறாமல் காணப்படும். எந்தப் பதிப்பு என்பது பெரும்பாலும் காணப்படாது. அது மறதியால் மட்டும் நேர்வதன்று. உரிமம் இல்லாத பிரதியை வைத்திருப்பவரால் பதிப்பு எண்ணை அச்சிட இயலாது. அச்சிட்டால் உரிமம் எங்கே என்ற கேள்வி உடனே வரும். எண் சொல்ல இயலாத கருவியால் பெறப்பட்ட விடையைப் பிறர் சரிபார்க்கவும் இயலாது.

கருவியும் முத்திரையும்

காய்கறிச் சந்தையில் வைக்கப்படும் எடைக்கல்லில் அரசின் முத்திரை இருக்க வேண்டும் என்பதை யாவரும் அறிவர். 1976ஆம் ஆண்டின் எடை அளவைத் தரச் சட்டமும், அதற்குப் பதிலாக வந்த 2009ஆம் ஆண்டின் சட்ட முறை எடை அளவைச் சட்டமும் இதற்காகவே ஏற்பட்டவை. ஒரு முறை முத்திரை இட்டால் போதாது. குறிப்பிட்ட கால இடைவெளியில் மீண்டும் சோதித்து முத்திரை பெற வேண்டும். ஒரு மாவட்டத்தின் வேலையின்மையையோ குழந்தைகளின் எடைக் குறைவையோ அளந்து சொல்லும் கணிப்பொறி நிரலும் ஓர் எடைக்கல்தான். ஆனால் அதற்கு முத்திரை இடும் அதிகாரி யாரும் இல்லை. பயன்படுத்துபவரே தமக்கு அதிகாரியாக இருந்தாக வேண்டிய நிலை.

நம் நாட்டில் இத்துறை தோன்றிய காலத்தில் இச்சிக்கல் இல்லை. பேராசிரியர் மகலநோபிஸ் 1931இல் கல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் நிறுவனத்தைத் தோற்றுவித்தார். தேசிய மாதிரி ஆய்வு 1950இல் தொடங்கியது. 1950களின் நடுவில் இங்கிலாந்திலிருந்து அந்நிறுவனத்திற்கு வந்த எச்.இ.சி. 2எம் என்ற இயந்திரமே இந்தியாவின் முதல் எண்முறைக் கணிப்பொறி எனப்படுகிறது. அக்காலத்தில் இயந்திரத்தை வாங்கியவரே அதற்கான நிரலையும் எழுதிக்கொண்டார். நிரலுக்குத் தனி விலை இருந்ததில்லை. ஆகவே திருட்டும் இருந்ததில்லை. 1969ஆம் ஆண்டில் ஐ.பி.எம். நிறுவனம் இயந்திரத்தின் விலையிலிருந்து மென்பொருளின் விலையைப் பிரித்து அறிவித்தது. அதன் பிறகே மென்பொருள் ஒரு தனிச் சரக்காக உருப்பெற்றது.

சமூக அறிவியல் மாணவர்கள் மிகுதியாக அறிந்த எஸ்.பி.எஸ்.எஸ்., 1968இல் ஸ்டான்போர்டு பல்கலைக்கழகத்தில் நார்மன் நை முதலிய மூவரால் உருவாக்கப்பட்டது, 2009இல் ஐ.பி.எம். நிறுவனத்தின் கைக்கு வந்தது. சாஸ் நிறுவனம் 1976இல், வட கரோலினா அரசுப் பல்கலைக்கழகத்தில் நடந்த ஆய்வுப் பணியிலிருந்து பிரிந்து தோன்றியது. ஸ்டேட்டா 1985இல் வந்தது. இவை யாவும் விலைக்கு விற்கப்படுவன. நியூசிலாந்தின் ஆக்லாந்து பல்கலைக்கழகத்தில் ராஸ் இஹாகா, ராபர்ட் ஜென்டில்மன் ஆகிய இருவரும் 1990களின் தொடக்கத்தில் எழுதத் தொடங்கிய 'ஆர்' வேறு வகையைச் சேர்ந்தது. 1995 முதல் அது பொது உரிமத்தின் கீழ், எவரும் படியெடுக்கவும் திருத்தவும் பகிரவும் உரிமையுள்ளதாக வெளியிடப்பட்டு வருகிறது.

விடை மாறுவது ஏன்?

கணிப்பொறி தவறு செய்யாது. எந்தப் பதிப்பானாலும் கூட்டல் கூட்டல்தானே என்று மாணவர் பலர் எண்ணுகின்றனர். அது சரியன்று என்பதை ஓர் எளிய கணக்கால் காட்டலாம்.

100000001, 100000002, 100000003 என்ற மூன்று எண்களை எடுத்துக்கொள்வோம். சராசரி 100000002. அதிலிருந்து விலகல்கள் முறையே கழித்தல் 1, பூஜ்யம், கூட்டல் 1. ஆகவே மாதிரித் திட்ட விலக்கம் 1 என்பதைத் தாளும் பென்சிலும் கொண்டே கண்டுவிடலாம். ஆனால் நம் பாடநூல்களில் 'சுருக்கு வழி' என்று கற்பிக்கப்படும் முறை வேறு. எண்களின் வர்க்கங்களைக் கூட்டி, அதிலிருந்து கூட்டுத்தொகையின் வர்க்கத்தை எண்ணிக்கையால் வகுத்து வந்ததைக் கழிப்பது அம்முறை. மேற்படி எண்களின் வர்க்கங்கள் ஒவ்வொன்றும் 17 இலக்கம் கொண்டவை. கணிப்பொறி வழக்கமாக நினைவில் வைப்பது 15 அல்லது 16 பொருளுள்ள இலக்கங்களே. கடைசி இலக்கங்கள் உதிர்ந்துவிடுகின்றன. நமக்கு வேண்டிய வேறுபாடோ அந்தக் கடைசி இலக்கங்களில்தான் இருக்கிறது. ஆகவே விடை 1 என வராமல் பூஜ்யமாகவோ வேறொரு எண்ணாகவோ வரும். எக்செல் 2003க்கு முற்பட்ட பதிப்புகளில் திட்ட விலக்கம் இந்தச் சுருக்கு வழியால்தான் கணக்கிடப்பட்டது. புள்ளியியலார் பலர் குறை கூறிய பின் 2003ஆம் ஆண்டுப் பதிப்பில் மைக்ரோசாப்ட் நிறுவனம் அதை மாற்றியது. திருத்தம் வந்த பின்னும் பழைய பிரதியையே வைத்திருந்தவருக்கு அத்தவறும் அப்படியே இருந்து வந்தது.

இதைவிடப் பெரிய அளவில், ஒரு நாட்டின் கொள்கையையே தொட்ட நிகழ்ச்சி ஒன்று உண்டு. அமெரிக்காவின் 90 நகரங்களில் காற்று மாசுக்கும் இறப்புக்கும் உள்ள தொடர்பை ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கணக்கிட்டனர். காற்றில் கலந்துள்ள நுண்துகள் கன மீட்டருக்கு 10 மைக்ரோகிராம் கூடினால் அன்றாட இறப்பு 0.41 சதவீதம் கூடுகிறது என்பது அவர்களது முடிவு. எஸ்-பிளஸ் என்ற மென்பொருள் அக்கணக்கைத் திரும்பத் திரும்பச் செய்து விடையை நெருங்கும் வகையில் அமைந்தது. எந்த அளவு நெருங்கியதும் நிறுத்தலாம் என்பதற்கு நிரலிலேயே ஓர் எல்லை வைக்கப்பட்டிருந்தது. அந்த எல்லை இத்தகைய நுட்பமான கணக்குக்குப் போதாது. நிரல் பாதி வழியிலேயே நின்றுவிட்டது என்பதை 2002இல் அதே ஆய்வாளர்களே கண்டறிந்து வெளியிட்டனர். எல்லையை இறுக்கிக் கணக்கிட்டபோது 0.41 என்பது 0.27 ஆயிற்று. மாசு உயிரைக் குடிக்கிறது என்ற முடிவு மாறவில்லை. அதன் அளவு மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. காற்றுத் தர விதிகளை வகுக்க அரசு அந்த எண்ணைக் கருத்தில் கொண்டிருந்த காலம் அது. தவறைக் கண்டவர்கள் தாமே முன்வந்து சொன்னதும், எந்த மென்பொருள், அதில் எந்த அமைப்பு என்று பெயரிட்டுச் சொல்ல முடிந்ததும் இங்குக் கவனிக்கத் தக்கவை. கருவியின் பெயரை மறைக்க வேண்டிய நிலையில் இருந்திருந்தால் அத்திருத்தம் வெளிவந்திருக்குமா என்பது ஐயமே.

நம் நாட்டுக் களப்பணியோடு நெருங்கிய எடுத்துக்காட்டு ஒன்றையும் கூறலாம். குடும்ப வருமானத்தைப் பதிவு செய்யும்போது நம் கணக்கர்கள் 8,500 என்றும் 12,000 என்றும் 1,20,000 என்றும் காற்புள்ளியிட்டே எழுதுவர். 'ஆர்' மென்பொருள் காற்புள்ளி உள்ளதை எண்ணாகக் கொள்ளாமல் எழுத்தாகக் கொள்ளும். 2020 ஏப்ரலில் வெளிவந்த 4.0.0 பதிப்புக்கு முன், எழுத்தாக உள்ள பத்தியை அது தானாகவே வகைப்பாடாக மாற்றி, எழுத்து வரிசைப்படி 1, 2, 3 எனக் குறியெண் கொடுத்து வைத்தது. அதை அறியாத மாணவர் அப்பத்தியை நேரே எண்ணாக மாற்றினால், வருமானத்திற்குப் பதிலாகக் குறியெண்ணே கிடைக்கும். மேற்கண்ட மூன்றில் 8,500 ரூபாய்க்கு 3 என்ற எண் வரும். அதாவது மிக ஏழைக் குடும்பம் பட்டியலில் மிக உயர்ந்த எண்ணைப் பெறும். எச்சரிக்கை எதுவும் திரையில் தோன்றாது. 4.0.0 பதிப்பில் இவ்வழக்கம் நீக்கப்பட்டது. இப்போது அதே கட்டளையைக் கொடுத்தால் அந்த இடங்கள் வெற்றிடமாகக் காட்டப்பட்டு எச்சரிக்கையும் வருகிறது. தவறு வெளியே தெரிவதே பெரும் நன்மை.

புதிய பதிப்பு எப்போதும் நன்மையே செய்யும் என்று கொள்வதும் பொருந்தாது. 2019இல் வந்த 3.6.0 பதிப்பில் மாதிரி எடுக்கும் முறை மாற்றப்பட்டது. மக்கள் தொகை மிகப் பெரியதாக இருக்கும்போது பழைய முறையில் சிறு சாய்வு இருந்தது. அதை நீக்கவே இந்த மாற்றம். மாற்றம் சரியானதே. ஆனால் அதன் விளைவாக, 2018இல் ஒரு தொடக்க எண்ணைக் கொடுத்து நாற்பது சிற்றூர்களைத் தேர்ந்தெடுத்த ஒருவர், 2020இல் அதே எண்ணைக் கொடுத்தாலும் வேறு நாற்பது சிற்றூர்களையே பெறுவார். தணிக்கையாளர் வந்து, "இந்தச் சிற்றூர்கள் உண்மையாகவே குலுக்கல் முறையில் வந்தவைதாமா, உங்கள் விருப்பப்படி எடுத்தவையா?" என்று கேட்டால், பதிப்பு எண்ணை எழுதி வைத்தவர் மட்டுமே மெய்ப்பிக்க முடியும். இதை எதிர்பார்த்தே, பழைய முறையை ஒரே கட்டளையால் திரும்ப வரவழைக்கும் வசதியையும் அம்மென்பொருளை எழுதியவர்கள் விட்டு வைத்துள்ளனர்.

உறைந்துபோன பிரதி

திருட்டுப் பிரதியின் முதல் தீமை இங்குதான் இருக்கிறது. பூட்டை உடைத்து வெளியிடப்படும் பிரதிக்குக் கடைத்தெரு வழக்கில் 'கிராக்' என்று பெயர். அதை நிறுவிக் கொடுப்பவர் முதலில் கூறும் அறிவுரை, "புதுப்பிப்பை நிறுத்தி வையுங்கள், இணையத்தில் இணைக்க வேண்டாம்" என்பதே. புதுப்பித்தால் உரிமச் சோதனை நடந்து பிரதி செயலிழந்துவிடும் என்ற அச்சமே காரணம். ஆகவே அந்தப் பிரதி நிறுவப்பட்ட நாளிலேயே உறைந்துவிடுகிறது. அதன் பின் உலகில் கண்டறியப்படும் பிழை எதுவும் அதில் திருத்தப்படுவதில்லை.

கணக்குப் பிழை மட்டுமன்று, பாதுகாப்புப் பிழையும் அவ்வாறே. 2021 டிசம்பரில் லாக்4ஜே என்ற நிரல் துண்டில் கடுமையான ஓட்டை கண்டுபிடிக்கப்பட்டது. எஸ்.பி.எஸ்.எஸ். உள்ளிட்ட எண்ணற்ற மென்பொருள்களில் அத்துண்டு பயன்பட்டிருந்தது, ஐ.பி.எம். நிறுவனம் திருத்தங்களை வெளியிட்டது. உரிமம் பெற்றவர் அவற்றைப் பெற்றார். கட்டணமில்லா மென்பொருளும் இதற்கு விலக்கன்று. 'ஆர்' மென்பொருளில், பிறர் அனுப்பும் தரவுக் கோப்பு ஒன்றைத் திறந்த அளவிலேயே தீய கட்டளை இயங்கிவிடக்கூடிய ஓட்டை பல்லாண்டுகளாக இருந்து, 2024 ஏப்ரலில் வந்த 4.4.0 பதிப்பில்தான் அடைக்கப்பட்டது. வேறுபாடு என்னவெனில், இங்கே புதிய பதிப்பை எடுத்துக்கொள்ள எவரிடமும் அஞ்ச வேண்டியதில்லை.

2017 மே 12ஆம் நாள் உலகெங்கும் பரவிய வான்னகிரை என்ற பணயத் தீநிரலை வாசகர் மறந்திருக்கமாட்டார்கள். ஆந்திரப் பிரதேசக் காவல்துறையின் கணிப்பொறிகளும் அதில் சிக்கின. அது நுழைந்த வழியை அடைக்கும் திருத்தத்தை மைக்ரோசாப்ட் மார்ச் 14ஆம் நாளே, அதாவது இரண்டு மாதங்களுக்கு முன்பே வெளியிட்டிருந்தது. அடுத்த மாதமே இதற்கு நேர்மாறான பாடமும் கிடைத்தது. உக்ரைன் நாட்டில் வரிக் கணக்கு மென்பொருள் ஒன்றின் புதுப்பிப்பிலேயே தீநிரல் புகுத்தப்பட்டு, அது மும்பைக்கு அருகிலுள்ள ஜவாஹர்லால் நேரு துறைமுகத்தின் ஒரு முனையம் வரை வந்து சரக்குப் போக்குவரத்தை முடக்கியது. அதனால் புதுப்பித்தலே கூடாது என்று ஆகிவிடாது. எவரிடமிருந்து பெறுகிறோம் என்பதைச் சரிபார்க்க வேண்டும் என்றே ஆகிறது. கிராக் பிரதியில் அந்த 'எவர்' முகமற்றவராகவே இருக்கிறார்.

ஒரு மாணவர், ஓர் ஆராய்ச்சி நிலையம்

சோபோஸ் என்ற கணிப்பொறிப் பாதுகாப்பு நிறுவனம் 2021 மே மாதத்தில் ஓர் அறிக்கை வெளியிட்டது. ஐரோப்பாவில் உயிர் மூலக்கூறு ஆய்வில் ஈடுபட்டிருந்த நிலையம் ஒன்று, கோவிட் நோய் பற்றியும் ஆராய்ந்து வந்தது. அங்கு இணைந்து பணிபுரிந்த மாணவர் ஒருவருக்குத் தரவுகளை வரைபடமாக்கிக் காட்டும் மென்பொருள் ஒன்று தேவைப்பட்டது. அதன் ஆண்டு உரிமக் கட்டணம் சில நூறு டாலர், அவரால் இயலவில்லை. இணையத்தில் தேடிக் கிராக் பிரதி ஒன்றை எடுத்தார். கணிப்பொறியின் காவல் நிரல் எச்சரித்தது. அவர் காவல் நிரலையே நிறுத்திவிட்டு அதை நிறுவினார். அவர் விரும்பிய மென்பொருள் அதில் இல்லை. விசைப்பலகையில் தட்டுவதையெல்லாம் களவாடும் நிரலே இருந்தது. நிலையத்தின் வலையமைப்புக்குள் நுழைய அவர் பயன்படுத்தும் கடவுச்சொல் அதன் வழியே வெளியே போயிற்று. 13 நாள் கழித்து அந்தக் கடவுச்சொல்லைக் கொண்டு யாரோ உள்ளே நுழைந்தனர். அதற்குப் பத்து நாள் கழித்து ரியூக் என்ற பணயத் தீநிரல் ஏவப்பட்டது. ஒரு வார ஆய்வுத் தரவுகள் மீட்க இயலாதபடி அழிந்தன. கணிப்பொறிகளை அடியோடு அழித்து மீண்டும் நிறுவ வேண்டி வந்தது.

அம்மாணவர் தீயவர் அல்லர். கருவி தேவை, பணம் இல்லை என்ற நிலையில் நம் ஊர் மாணவர் செய்வதையே அவரும் செய்தார். நம் ஊரிலோ இழப்பு வேறு விதமாகவும் இருக்கக்கூடும். ஒரு களஆய்வாளர் சிற்றூர்த் திண்ணையில் அமர்ந்து, கணவர் குடிக்கிறாரா, கடன் எவ்வளவு, எத்தனை கருச்சிதைவு என்றெல்லாம் கேட்கிறார். "இது ஆய்வுக்கு மட்டுமே, வெளியே போகாது" என்ற உறுதியின் மேல்தான் அந்தப் பெண் விடை சொல்கிறார். பெயரும் தொலைபேசி எண்ணும் விடைகளும் ஒரே கோப்பில் இருக்க, அக்கோப்பு கிராக் பிரதி உள்ள கணிப்பொறியில் திறக்கப்பட்டால், கொடுத்த உறுதியைக் காப்பாற்றும் ஆற்றல் ஆய்வாளருக்கு இல்லை. தரவு வெளியேறியது அவருக்குத் தெரிய வருவதற்கே வழியில்லை.

சட்டத்தின் நிலை

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் 1984இல் செய்யப்பட்ட திருத்தத்தால் கணிப்பொறி நிரலும் இலக்கியப் படைப்பு என்ற வரையறைக்குள் கொண்டுவரப்பட்டது. கவிதைக்கும் நிரலுக்கும் ஒரே காப்பு என்பது சிலருக்கு விந்தையாகத் தோன்றலாம். 1994ஆம் ஆண்டுத் திருத்தத்தால் சேர்க்கப்பட்ட 63பி பிரிவு, தெரிந்தே பயன்படுத்துபவரைத் தண்டிக்கிறது. 7 நாளுக்குக் குறையாமல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 ரூபாய்க்குக் குறையாமல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கப்படலாம். ஆதாய நோக்கமோ வணிக நோக்கமோ இல்லாதபோது, காரணம் காட்டிச் சிறையைத் தவிர்த்து 50,000 ரூபாய் வரை அபராதம் மட்டும் விதிக்கவும் நீதிமன்றத்துக்கு இடமுண்டு. 2012இல் சேர்க்கப்பட்ட 65ஏ பிரிவு, காப்புரிமையைக் காக்கும் தொழில்நுட்பப் பூட்டை உரிமை மீறும் நோக்குடன் உடைப்பதைத் தனிக் குற்றமாக்கியது. முறையாக வாங்கியவர் பாதுகாப்புக்காக ஒரு காப்புப் பிரதி எடுத்து வைத்துக்கொள்வது குற்றமன்று என்பதையும் இதே சட்டம் தெளிவாக்குகிறது; இதைப் பலர் அறியார்.

மறுபுறம் தரவு பற்றிய கடமைகள் உள்ளன. 2008ஆம் ஆண்டின் புள்ளி விவரச் சேகரிப்புச் சட்டம், அதன் கீழ் திரட்டப்படும் தனிநபர் விவரங்களைப் புள்ளியியல் நோக்கத்துக்கு மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்கிறது. 2023ஆம் ஆண்டின் எண்முறைத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தகுந்த பாதுகாப்பு ஏற்பாடு செய்யத் தவறும் அமைப்புக்கு 250 கோடி ரூபாய் வரை தண்டம் விதிக்க வகை செய்துள்ளது. ஆராய்ச்சிக்கும் புள்ளியியலுக்கும் அதில் விலக்கு உண்டெனினும், வகுக்கப்பட்ட தரங்களைப் பின்பற்றினாலே அவ்விலக்கு கிட்டும்.

உரிமமற்ற பயன்பாட்டின் அளவு என்ன? மென்பொருள் நிறுவனங்களின் கூட்டமைப்பாகிய பி.எஸ்.ஏ. 2018இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி, 2017ஆம் ஆண்டில் இந்தியாவில் நிறுவப்பட்ட மென்பொருளில் 56 சதவீதம் உரிமமற்றது. உலகச் சராசரி 37 சதவீதம். இது விற்பவர்களின் மதிப்பீடு என்பதை நினைவில் கொண்டே படிக்க வேண்டும். புள்ளி விவரத்தைப் பற்றிய கட்டுரையில் இதைக் கூறாமல் விடுவது முறையன்று.

விலையும் மாற்றும்

சட்டத்தை மட்டும் காட்டி மாணவரை அச்சுறுத்துவதால் பயன் விளையாது. மத்தியப் பல்கலைக்கழகங்களில் தேசியத் தகுதித் தேர்வில் தேறாத ஆய்வு மாணவருக்குப் பல்கலைக்கழக மானியக் குழு வழங்கி வந்த உதவித்தொகை மாதம் 8,000 ரூபாய். எஸ்.பி.எஸ்.எஸ். மென்பொருளின் அடிப்படைத் தொகுப்புக்குத் தனிநபர் மாதச் சந்தா பல ஆண்டுகளாக 99 டாலர் என்றே விளம்பரப்படுத்தப்பட்டு வந்துள்ளது. உதவித்தொகை முழுவதும் அதற்கே போதாது. மாணவருக்கெனச் சலுகை விலைப் பதிப்பும் உண்டு. அதற்குக் கால வரம்பும் உண்டு. ஐந்தாண்டு நீளும் ஆய்வில் உரிமம் நடுவழியில் முடிந்துவிடுகிறது. எந்த உதவித்தொகையும் இல்லாமல் ஆய்வு செய்வோரைப் பற்றிச் சொல்லவே வேண்டியதில்லை. பல்கலைக்கழகமே வளாகம் முழுவதற்குமான உரிமம் பெற்றுத் தருவது ஒரு வழி; வசதியுள்ள நிறுவனங்கள் அவ்வாறு செய்கின்றன. இணைப்புக் கல்லூரி மாணவருக்கு அவ்வசதி எட்டுவது அரிது.

ஆனால் இன்று திருட வேண்டிய கட்டாயம் இல்லை என்பதே உண்மை நிலை. 'ஆர்' மென்பொருளைக் கொண்டு செய்ய இயலாத முதுநிலைப் பாடக் கணக்கு எதுவும் இல்லை எனலாம். கட்டளை எழுத அஞ்சுவோர்க்கு, எஸ்.பி.எஸ்.எஸ். போன்ற தோற்றமும் கட்டளை அமைப்பும் கொண்டு அதன் கோப்புகளையும் நேரே திறக்கும் பி.எஸ்.பி.பி. உள்ளது, அதில் எல்லா நுட்பங்களும் இல்லை என்றாலும் குறுக்கு அட்டவணை, டி-சோதனை, தொடர்புப் போக்கு முதலிய அன்றாடத் தேவைகள் நிறைவேறும். பட்டியலிலிருந்து தேர்ந்து அழுத்தும் வகையில் ஜமோவி, ஜாஸ்ப் ஆகியவை உள்ளன. மக்கள் கணக்கெடுப்பு போன்ற பெருந்தரவுப் பதிவுக்கு அமெரிக்கக் கணக்கெடுப்புத் துறையின் சிஎஸ்புரோ கட்டணமின்றிக் கிடைக்கிறது.

அரசின் நிலையும் இதற்கு அனுசரணையாகவே இருந்து வருகிறது. மத்திய அரசு அலுவலகங்களில் திறந்த மூல மென்பொருளுக்கு முன்னுரிமை தரும் கொள்கை 2015இல் அறிவிக்கப்பட்டது. மத்தியக் கல்வி அமைச்சகத்தின் உதவியுடன் மும்பை ஐ.ஐ.டி.யில் நடைபெறும் பாஸி திட்டம் 'ஆர்', சைலேப் முதலியவற்றைக் கல்லூரிகளில் பரப்பி வருகிறது. அதே நிறுவனத்தில் தோன்றிய ஸ்போக்கன் டுட்டோரியல் திட்டம் தமிழ் உள்ளிட்ட இந்திய மொழிகளில் ஒலிவழிப் பாடங்களைத் தருகிறது. சென்னை சி-டாக் நிறுவனம் பாஸ் என்ற இயக்க மென்பொருளை இந்திய மொழிகளுக்கு ஏற்ப அமைத்துள்ளது.

இவ்வளவு இருந்தும் மாற்றம் மெதுவாக இருப்பதற்குக் காரணம் விலையன்று, பழக்கம். வழிகாட்டி அறிந்தது எஸ்.பி.எஸ்.எஸ். திரை, தேர்வாளர் எதிர்பார்ப்பது அதன் அட்டவணை வடிவம், பல்கலைக்கழக வாயிலில் ஆய்வேடு தட்டச்சு செய்து தரும் கடைக்காரர் வைத்திருப்பதும் அதுவே. மாணவர் தரவைப் பென் டிரைவில் கொடுத்துவிட்டு மறுநாள் அட்டவணைகளைப் பெற்றுச் செல்கிறார். எந்தச் சோதனை, ஏன், எந்தப் பதிப்பில் என்ற வினாக்களுக்கு விடை கடைக்காரரிடமும் இல்லை, மாணவரிடமும் இல்லை.

கடைப்பிடிக்கத் தக்க முறை

மென்பொருள் தொழிலில், பதிப்பு எண் இல்லாத பொருள் வாடிக்கையாளரிடம் போவதில்லை. அப்பழக்கத்தை ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுவருவது கடினமன்று. மூலத் தரவுக் கோப்பை ஒரு முறை படியெடுத்துத் தனியே வைத்துவிட்டு, அதில் கை வைக்காதிருக்க வேண்டும். பெயர், முகவரி, தொலைபேசி எண் ஆகியவற்றை வேறு கோப்பாகப் பிரித்து, இணைப்புக்கு ஒரு குறியெண்ணை மட்டும் வைத்துக்கொள்ள வேண்டும். திரையில் அழுத்தி வேலை செய்வதை விடக் கட்டளைகளை எழுதிச் சேமிப்பதே நன்று, எஸ்.பி.எஸ்.எஸ். மென்பொருளிலும் இவ்வசதி உண்டு, பயன்படுத்துவோர்தான் குறைவு. கணக்கு முடிந்ததும் மென்பொருளின் பெயர், பதிப்பு, துணைத் தொகுப்புகளின் பதிப்பு, நாள், குலுக்கல் தொடக்க எண் ஆகியவற்றை ஆய்வேட்டின் பின்னிணைப்பில் அரைப் பக்கம் எழுதினால் போதும். 'ஆர்' மென்பொருளில் இவற்றுள் முதன்மையானவற்றை ஒரே கட்டளை பட்டியலிட்டுத் தந்துவிடும்.

புதுப்பித்தலில் இரண்டு வகையைப் பிரித்துப் பார்க்க வேண்டும். இயக்க மென்பொருளின் பாதுகாப்புத் திருத்தங்களை வந்த அன்றே சேர்த்துவிட வேண்டும், தள்ளிப்போட இடமில்லை. புள்ளியியல் மென்பொருளின் பெரும் பதிப்பு மாற்றத்தை ஓர் ஆய்வின் நடுவில் செய்யாமல், ஒன்று முடிந்து மற்றொன்று தொடங்குமுன் செய்யலாம். பாதுகாப்பு ஓட்டைக்காக இடையிலேயே மாற நேர்ந்தால், பழைய கட்டளைகளைப் புதிய பதிப்பில் மீண்டும் ஓட்டி, விடைகளை ஒப்பிட்டு, வேறுபாட்டைக் குறித்து வைக்க வேண்டும். அமெரிக்கத் தர அளவீட்டு நிறுவனமாகிய நிஸ்ட், விடை முன்பே மிக நுட்பமாகக் கணக்கிடப்பட்ட சோதனைத் தரவுகளை எவரும் எடுத்துக்கொள்ளுமாறு வெளியிட்டுள்ளது. புதிய பதிப்பை நிறுவியதும் அவற்றுள் இரண்டு மூன்றை ஓட்டிப் பார்ப்பது, எடைக்கல்லைச் சோதிப்பது போன்ற வேலை.

பழைய கோப்பு வடிவங்களைப் பற்றியும் ஒரு சொல். 2020ஆம் ஆண்டு இங்கிலாந்தின் பொதுச் சுகாதாரத் துறை, ஆய்வகங்களிலிருந்து வந்த கோவிட் விவரங்களை எக்செல்லின் பழைய வடிவக் கோப்பில் திரட்டியது. அவ்வடிவில் 65,536 வரிசைகளுக்கு மேல் இடமில்லை. 2007 முதல் வந்த வடிவிலோ பத்து லட்சத்துக்கும் மேல் இடமுண்டு. கோப்பு நிரம்பியதும் மீதி வரிசைகள் சத்தமின்றி விடுபட்டன. செப்டம்பர் 25 முதல் அக்டோபர் 2 வரை 15,841 நோயாளிகள் நாட்கணக்கில் சேராமற் போயினர். அவர்களோடு பழகியவர்களைத் தேடும் பணியும் அத்தனை நாள் தாமதமாயிற்று. அங்கு உரிமமும் இருந்தது, பணமும் இருந்தது. வரிசைகளின் எண்ணிக்கையை உள்ளே போகும்போதும் வெளியே வரும்போதும் எண்ணிப் பார்க்கும் வழக்கம்தான் இல்லாமற் போயிற்று. நம் மாவட்ட அலுவலகங்களில் பழைய வடிவில் சேமிக்கப்பட்ட கோப்புகள் வைத்திருப்போர், முதலில் கடைசி வரிசையின் எண்ணைப் பார்ப்பது நல்லது. அது சரியாக 65,536 என்று இருந்தால், காணாமற்போனவை எங்கே என்று தேடத் தொடங்கலாம்.